ஏமாந்தவர் எழுதிய புத்தகம்

திருடன் கதை என்றால் தூங்கப் போன குழந்தைகூட எழுந்து வந்து உட்கார்ந்துகொள்ளும். பெரியவர்களும் அப்படித்தான். ஆனால் கன்னம் வைக்கிற திருடன் பெரியவர்களுக்குப் போதாது. பூட்டை உடைக்காமல், சுவரில் துளை போடாமல், பட்டப் பகலில் வாசல் வழியாக வந்து, திண்ணையில் உட்கார்ந்து, மோர் வாங்கிக் குடித்து, வீட்டுக்காரர் கையாலேயே பெட்டியைத் திறக்கச் செய்து, பணத்தை வாங்கிக்கொண்டு, "போய் வருகிறேன்" என்று விடையும் பெற்றுச் செல்கிறானே, அவனுடைய கதைதான் அவர்களுக்கு வேண்டும். இத்தகைய பேர்வழிகளைப் பற்றி உலகத்தில் எழுதப்பட்டிருக்கும் புத்தகங்களைச் சேர்த்தால் ஒரு பெரிய அலமாரி நிரம்பிவிடும்.

சில காலமாக நாம் அந்த அலமாரியைத் துருவி வந்தோம். எழுதியவர்கள் பல தரத்தினர். ஏமாற்றியவர்கள் தாங்களே எழுதியிருக்கிறார்கள். பத்திரிகை நிருபர்கள் எழுதியிருக்கிறார்கள். மொழியாராய்ச்சி செய்யும் பேராசிரியர் ஒருவரும், காஷ்மீர தேசத்துக் கவி ஒருவரும் எழுதியிருக்கிறார்கள். ஏமாந்தவர்கள் எழுதியவை மாத்திரம் விரல் விட்டு எண்ணக் கூடியவை. ஒரு மோசக்காரனுக்கு நூறு பேர், ஆயிரம் பேர் என்று ஏமாந்தவர்கள் இருக்கும்போது, எழுதுகோல் மட்டும் ஏன் எப்போதும் அவன் கையிலேயே இருக்கிறது?

திருடனுக்குத் தேள் கொட்டினால் வாய் திறந்து கத்த முடியாது என்பார்கள். இந்த விவகாரத்திலோ கொட்டுப்பட்டுக் கத்தாமல் இருப்பவர் வீட்டுக்காரர். பொருள் போயிற்று என்று ஊரில் சொல்லலாம். புத்தி போயிற்று என்று எப்படிச் சொல்வது? பெண்டாட்டியிடம் சொல்ல வெட்கம், பிள்ளைகளிடம் சொல்ல அதைவிட வெட்கம். இந்த வெட்கத்தையே முதலாக வைத்து வியாபாரம் நடத்துகிறவன்தான் மோசக்காரன்.

சென்ற சில வருஷங்களாக நம் தேசத்தில் நடந்துவரும் 'டிஜிட்டல் கைது' என்னும் கூத்து இதற்குச் சரியான திருஷ்டாந்தம். போலீஸ் உடுப்பில் ஒருவன் டெலிபோன் திரையில் தோன்றுகிறான். உங்கள் பெயரில் வந்த பார்சலில் போதை மருந்து இருந்தது என்றோ, உங்கள் பாங்கிக் கணக்கில் கள்ளப் பணம் புரண்டிருக்கிறது என்றோ மிரட்டுகிறான். திரையை விட்டு நகரக் கூடாது என்கிறான். அடுத்தபடியாக, 'இதை யாரிடமும் சொல்லக் கூடாது' என்கிறான். மந்திரத்தின் உயிர் அந்த ஒரு வாக்கியத்தில்தான் இருக்கிறது. பக்கத்து அறையில் இருக்கும் மகனைக் கூப்பிட்டு ஒரு வார்த்தை சொன்னால் கூத்து கலைந்துவிடும். 2024 அக்டோபரில் பிரதம மந்திரியே தமது வானொலிப் பேச்சில், சட்டத்தில் அப்படி ஒரு கைதே கிடையாது என்று எச்சரிக்க வேண்டியிருந்தது. ஆகவே இந்தப் புத்தக அலமாரியில் எதை எடுப்பது, எதை ஒதுக்குவது என்பது வெறும் பொழுதுபோக்கு விஷயமாக நமக்குத் தோன்றவில்லை.

தகப்பனாரின் கவலை

அலமாரியில் மிகவும் பழையவற்றுள் ஒன்று க்ஷேமேந்திரர் சம்ஸ்கிருதத்தில் இயற்றிய 'கலாவிலாசம்'. க்ஷேமேந்திரர் பதினோராம் நூற்றாண்டில் காஷ்மீரத்தில் வாழ்ந்தவர். நூலின் ஆரம்பமே வேடிக்கையானது. ஹிரண்யகுப்தன் என்ற பெரிய வியாபாரிக்கு ஒரே கவலை. சம்பாதித்த சொத்தையெல்லாம் தன் பிள்ளை சந்திரகுப்தன் நாளைக்கு எவனிடமாவது ஏமாந்து தொலைத்துவிடுவானே என்பதுதான் அது. எந்தப் பண்டிதரிடம் அனுப்பினாலும் இதற்கு வழி பிறக்காது என்று கண்டு, பிள்ளையைக் கையைப் பிடித்து அழைத்துக்கொண்டு, எத்தர்களுக்கெல்லாம் குருவாகிய மூலதேவனிடமே கொண்டுபோய் ஒப்படைக்கிறான். மூலதேவனும் பெரிய மனது பண்ணி, உலகத்தில் யார் யார் எப்படி எப்படி ஏமாற்றுவார்கள் என்று பையனுக்குப் பாடம் சொல்லுகிறான்.

பத்து அத்தியாயங்களில் அந்தப் பாடம் விரிகிறது. பூச்சுத் துறவிகள், கணக்கெழுதுவோர், தட்டார்கள், அரைகுறை வைத்தியர்கள், ஜோசியர்கள் என்று ஒருவரையும் விடவில்லை. தராசின் முள்ளிலிருந்து எழுத்தாணியின் கூர் வரையில் எங்கெங்கே சூது ஒளிந்திருக்கும் என்பதை மூலதேவன் காட்டிக்கொடுக்கிறான். தன் பெருமையைப் பாடிக்கொண்டே போவதற்காக அவன் வாயைத் திறக்கவில்லை. கேட்கிற பையனுக்கு என்ன வேண்டும் என்பதே அவன் பேச்சின் அளவாக இருக்கிறது. பின்னால் வந்த எத்தர்கள் எழுதிய புத்தகங்களைப் பார்க்கும்போது, இந்த அடக்கத்தின் அருமை நமக்கு நன்றாக விளங்குகிறது.

தமிழிலே ஏமாறுகிறவர்களைக் கதாநாயகர்களாக வைத்த நூல் என்றால் வீரமாமுனிவரின் பரமார்த்த குரு கதைதான். பூசணிக்காயைக் குதிரை முட்டை என்று விலை கொடுத்து வாங்கினார்கள் சீடர்கள். அது கீழே விழுந்து உடைந்தபோது புதருக்குள்ளிருந்து ஓடின முயலைக் குதிரைக் குட்டி என்று துரத்தவும் செய்தார்கள். சிறு வயதில் அதைப் படித்துச் சிரிக்காதவர் இல்லை. ஆனால் 2012-ஆம் வருஷத்தில், ஈரோடு ஜில்லா பெருந்துறைப் பக்கத்தில், ஈமு என்னும் ஆஸ்திரேலியப் பட்சியின் பேரில் ஆயிரக் கணக்கான குடும்பங்கள் பணம் கட்டிவிட்டுத் தவித்ததை நினைக்கும்போது அந்தச் சிரிப்பு பாதியிலே நின்றுபோகிறது. பட்சி கொடுப்போம், கொட்டகை போடுவோம், தீனி அனுப்புவோம், மாதம் பிறந்தால் பணமும் தருவோம் என்றார்கள். வாங்கியவர்கள் மட்டிகள் அல்ல. கணக்குத் தெரிந்த குடியானவர்களும், ஓய்வு பெற்ற உத்தியோகஸ்தர்களுமே. கோயம்புத்தூர் தனி நீதிமன்றத்தில் வழக்குகள் நடந்தன. இந்தச் சரித்திரத்தை, பணம் கட்டியவர் ஒருவர் தம் வாயாலேயே சொல்லி ஒரு தமிழ்ப் புத்தகம் வந்தால் குதிரை முட்டைக்குப் பக்கத்தில் அதை வைக்கலாம்.

இல்லாத தேசத்தின் பூகோள சாஸ்திரம்

சில சமயங்களில் புத்தகமே மோசடிக்குக் கருவியாகிவிடுகிறது. 1822-ஆம் வருஷம் எடின்பரோவில் ஒரு புத்தகம் வெளிவந்தது. முந்நூற்றைம்பது பக்கத்துக்கு மேல் கொண்ட அழகான பதிப்பு. மத்திய அமெரிக்காவில் 'பொயாய்ஸ்' என்று ஒரு தேசம் இருப்பதாகவும், அதன் மண்ணில் வருஷத்துக்கு மூன்று போகம் விளைவதாகவும், ஆற்று மணலில் பொன் கிடைப்பதாகவும் அது சொல்லிற்று. செயிண்ட் ஜோசப் என்ற தலைநகரும் அத்தேசத்துக்கு இருந்ததாம். அங்கே அகன்ற வீதிகளும், நாடக சாலையும், கோபுரத்தோடு கூடிய தேவாலயமும் விளங்குவதாக ஜனங்கள் நம்பவைக்கப்பட்டார்கள். நூலாசிரியர் பெயர் காப்டன் தாமஸ் ஸ்ட்ரேஞ்வேஸ் என்று அச்சிடப்பட்டிருந்தது.

அப்படி ஒரு காப்டன் இல்லை. அப்படி ஒரு தலைநகரமும் இல்லை. தேசமே இல்லை.

எழுதியவர் ஸ்காட்லாந்தைச் சேர்ந்த கிரெகர் மக்ரெகர் துரை, அல்லது அவருடைய கூட்டாளி. துரை லேசான ஆள் அல்ல. வெனிசுவேலாவில் பொலிவாரின் சேனையில் மெய்யாகவே போர் புரிந்தவர். பொலிவாரின் உறவுப் பெண்ணையே மணந்தவர். 1820-இல் மஸ்கிட்டோ கடற்கரையின் அரசரிடமிருந்து ஏறக்குறைய 80 லட்சம் ஏக்கர் காட்டைத் தமக்குக் கொடுத்ததாக ஒரு பத்திரம் எழுதி வாங்கினார். விலை கொஞ்சம் ரம் சாராயமும் நகைகளும் என்று சொல்லுவார்கள். அடுத்த வருஷம் லண்டனில் வந்து இறங்கியபோது அவர் 'பொயாய்ஸ் தேசத்துக் காஸிக்', அதாவது ராஜா. விருந்துகள் நடந்தன, பட்டங்கள் வழங்கப்பட்டன. ஏக்கர் கொஞ்சம் ஷில்லிங் என்று நிலம் விற்பனையாயிற்று. 1822 அக்டோபரில் அந்த இல்லாத சர்க்காரின் பேரில் 2,00,000 பவுனுக்குக் கடன் பத்திரங்களும் விலைபோயின. வட்டி 6 சதவிகிதம்! அப்போது தென் அமெரிக்காவில் புதிது புதிதாகக் குடியரசுகள் முளைத்துக்கொண்டிருந்தன. ஒவ்வொன்றும் லண்டனில் கடன் வாங்கிக்கொண்டிருந்தது. பத்தோடு பதினொன்றாகப் பொயாய்ஸும் அந்தக் கூட்டத்தில் நுழைந்துவிட்டது.

இதுவரையில் படிக்கும்போது நமக்கும் சிரிப்புத்தான் வருகிறது. கப்பல்கள் புறப்பட்ட இடத்திலிருந்து சிரிப்பு வரவில்லை. 1822 செப்டம்பரில் லண்டனிலிருந்து ஒரு கப்பல் சுமார் எழுபது பேருடன் கிளம்பிற்று. 1823 ஜனவரியில் லீத் துறைமுகத்திலிருந்து 'கென்னர்ஸ்லி காஸில்' என்ற கப்பல் ஏறக்குறைய இருநூறு பேருடன் கிளம்பிற்று. துரை கப்பலுக்கே வந்து வழியனுப்பினார். ஸ்காட்லாந்திலிருந்து போகும் முதல் பிரயாணமாகையால் பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் கட்டணம் இல்லை என்று அறிவித்தார். ஜனங்கள் ஆரவாரம் செய்தார்கள். குடும்பம் குடும்பமாக ஏறிக்கொண்டார்கள். கையில் இருந்த நல்ல பணத்தைக் கொடுத்துவிட்டுப் 'பொயாய்ஸ் டாலர்' நோட்டுகளை வாங்கி மடியில் முடிந்துகொண்டார்கள். அந்த நோட்டுகளை அச்சிட்டது ஸ்காட்லாந்து பாங்கிக்கு நோட்டு அச்சிட்ட அச்சகமே என்பதால் காகிதத்தில் ஒரு குறையும் இல்லை. செருப்புத் தைக்கும் ஒருவர், பொயாய்ஸ் ராஜகுமாரிக்குப் பாதரட்சை செய்து கொடுக்கும் உத்தியோகம் தமக்குக் கிடைத்துவிட்டது என்று கடையைக் கட்டிவிட்டுப் புறப்பட்டிருந்தார்.

கரையில் இறங்கினால் காடு. முன்னே போனவர்கள் போட்ட கூடாரங்கள் சில. அவர்களுடைய கப்பலைப் புயல் அடித்துக்கொண்டு போய்விட்டிருந்தது. பிறகு மழைக்காலம் வந்தது; மழையோடு ஜுரம் வந்தது. ராஜகுமாரியின் சக்கிலியர் துப்பாக்கியால் சுட்டுக்கொண்டு மாண்டார். மே மாதத்தில் பிரிட்டிஷ் ஹோண்டுராஸிலிருந்து வந்த ஒரு கப்பல் தற்செயலாக இவர்களைக் கண்டு ஏற்றிச் சென்றது. போன சுமார் 250 பேரில் குறைந்தது 180 பேர் இறந்தார்கள். பிரிட்டனுக்குத் திரும்பி வந்தவர்கள் ஐம்பதுக்கும் குறைவு.

இனிமேல் வருவதுதான் நம்மைத் திகைக்கச் செய்த விஷயம். திரும்பி வந்தவர்களில் ஜேம்ஸ் ஹேஸ்டி என்பவர் மரம் அறுக்கும் தொழிலாளி. இரண்டு குழந்தைகளை அங்கே பறிகொடுத்தவர். அவர் தமது பிரயாண சரித்திரத்தை 1823-இல் எடின்பரோவில் ஒரு சிறு புத்தகமாக வெளியிட்டார். ஏமாந்தவர் எழுதிய புத்தகம் கிடைத்துவிட்டது என்று நாம் ஆவலோடு பார்த்தால், அவர் குற்றம் சுமத்துவது மக்ரெகர் மீது அல்ல! துரையின் ஆலோசகர்களும், பொய் விளம்பரம் செய்தவர்களுமே குற்றவாளிகளாம். திரும்பி வந்தவர்களில் வேறு சிலரும், துரைமீது பிழையில்லை என்று கையெழுத்திட்டுக் கொடுத்தார்கள்.

இதை முட்டாள்தனம் என்று ஒதுக்குவது எளிது. நமக்கு அப்படித் தோன்றவில்லை. மக்ரெகர் மோசக்காரன் என்று ஒப்புக்கொண்டால், பிறகு அந்தத் தகப்பனார் என்ன செய்வார்? குழந்தைகளைக் கப்பலில் ஏற்றியது தம் கைதானே என்ற எண்ணத்தோடு மீதி ஆயுளைக் கழிக்க வேண்டும். ராஜா நல்லவர், மந்திரிகள்தான் கெட்டவர்கள் என்று சொல்லிக்கொண்டால், அந்தக் கையை அவர் கொஞ்சமாவது பார்த்துக்கொள்ள முடியும். புத்திர சோகத்திலும் மோசக்காரனுக்கு ஒரு தகப்பன் நற்சாட்சிப் பத்திரம் எழுதிக் கொடுத்தான் என்றால், வெட்கத்தின் வலிமை எவ்வளவு என்று பார்த்துக்கொள்ளலாம்.

மக்ரெகர் துரை பாரிஸுக்குப் போய் அதே கடையை மறுபடி விரித்தார், பிடிபட்டார், 1826-இல் விடுதலையானார். கடைசிக் காலத்தில் வெனிசுவேலாவுக்குப் போய்ப் பென்ஷன் வாங்கிக்கொண்டு, 1845-இல் காராகாஸில் காலமானார். இராணுவ மரியாதையோடு அடக்கம் செய்தார்கள். அவருடைய முழுக் கதையையும் டேவிட் சிங்க்ளேர் என்பவர் 2003-இல் எழுதியிருக்கிறார். ஸ்ட்ரேஞ்வேஸ் காப்டனின் பூகோளத்தைப் படிப்பதற்கு முன்னால் அதைப் படிப்பது நல்லது.

தம் கதை தாமே எழுதியவர்கள்

மோசக்காரர்கள் எழுதிய சுயசரிதைகள் வேறு ஒரு தினுசு. போன்ஸி என்ற பெயர் இன்று எல்லாப் பாஷைகளிலும் வழங்குகிறது. 1920-இல் பாஸ்டன் நகரில் சார்லஸ் போன்ஸி, நாற்பத்தைந்து நாளில் 50 சதவிகித லாபம் என்று சொல்லிக் கோடிக் கணக்கில் பணம் திரட்டினான். வெளி நாட்டில் மலிவாகத் தபால் கூப்பன் வாங்கி அமெரிக்காவில் மாற்றுவதால் வரும் லாபம் என்று காரணம் காட்டினான். கிளாரன்ஸ் பாரன் என்ற பத்திரிகைக்காரர் ஒரு கணக்குப் போட்டார். போன்ஸி சொல்லுகிற வியாபாரத்துக்கு 16 கோடி கூப்பன் வேண்டும். புழக்கத்தில் இருப்பதோ சுமார் 27,000! நேற்று வந்தவன் பணத்தை முந்தாநாள் வந்தவனுக்கு லாபமாகக் கொடுத்துக்கொண்டிருந்தான் என்பது வெளியாயிற்று. அதை வெளியாக்கிய 'பாஸ்டன் போஸ்ட்' பத்திரிகைக்கு 1921-இல் புலிட்ஸர் பரிசு கிடைத்தது. போன்ஸி பிற்காலத்தில் தன் சரித்திரத்தைத் தானே எழுதினான். உற்சாகமான நடை, பச்சாத்தாபம்தான் இல்லை. பணத்தை இழந்தவர்கள் அதில் கூட்டமாக வருகிறார்கள், கூட்டமாகப் போகிறார்கள். மிட்செல் ஸக்காஃப் 2005-இல் எழுதிய நூலில்தான் பணம் கட்டியவர்களையும் கொஞ்சம் முகத்தோடு பார்க்கிறோம்.

இதைக் காட்டிலும் விசித்திரமானது ஃபிராங்க் அபக்னேல் என்பவருடைய புத்தகம். இருபது வயதுக்குள் விமானி, டாக்டர், வக்கீல் என்று வேஷம் போட்டு உலகத்தை ஏமாற்றியதாக அவர் 1980-இல் ஒரு நூல் வெளியிட்டார். 2002-இல் அது பெரிய சினிமாவாக வந்து, நம் ஊர்ப் பிள்ளைகள் வரையில் எல்லோரும் கைதட்டிப் பார்த்தார்கள். ஆலன் லோகன் என்ற ஆராய்ச்சியாளர் 2020-இல் ஒரு நூல் எழுதினார். அவர் தேடி எடுத்த சிறைச்சாலைப் பதிவுகளின்படி, அந்த வீரதீர சாகசங்கள் நடந்ததாகச் சொல்லப்படும் காலத்தில் பெரும் பகுதி அபக்னேல் நியூயார்க் மாகாணச் சிறையில் இருந்திருக்கிறார். உண்மையில் அவர் ஏமாற்றியது பெரிய கம்பெனிகளை அல்ல என்றும், தம்மை நம்பி வீட்டில் இடம் கொடுத்த ஒரு சாதாரணக் குடும்பத்தின் செக்குகளைத் திருடியதே நடந்த கதை என்றும் லோகன் எடுத்துக் காட்டுகிறார். சினிமாவில் அந்தக் குடும்பம் வரவில்லை. லோகன் நூலைப் படித்தவர்களின் தொகை, சினிமா பார்த்தவர்களோடு ஒப்பிட்டால் கடலில் கரைத்த பெருங்காயம்.

நம் தேசத்திலும் இதைப் போல ஒன்று நடந்தது. 1992 ஏப்ரலில், ஸ்டேட் பாங்கியின் கணக்கில் பெருந்தொகை ஒன்று இடிக்கிறது என்று பம்பாயில் சுசேதா தலால் என்ற பத்திரிகைப் பெண்மணி எழுதினார். ஹர்ஷத் மேத்தா விவகாரம் அப்படித்தான் வெளி வந்தது. அடுத்த வருஷம் அவரும் தேபாசிஷ் பாசுவும் சேர்ந்து எழுதிய நூலில் மேத்தா ஒருவர் மாத்திரம் பாத்திரம் அல்ல. பாங்கிகள் ஒன்றுக்கொன்று கடன் பத்திரத்தைக் கொடுப்பதற்குப் பதிலாகப் 'பத்திரம் பிறகு வரும்' என்ற ஒரு ரசீதைக் கொடுத்துக்கொண்டதும், சில பாங்கிகள் கையில் பத்திரமே இல்லாமல் ரசீது எழுதியதும், அந்தப் பணம் தரகர் கணக்கு வழியாகப் பங்கு மார்க்கெட்டுக்குப் பாய்ந்ததும் அதில் படிப்படியாக விளக்கப்படுகின்றன. ரிசர்வ் பாங்கி அமைத்த ஜானகிராமன் கமிட்டி, தொகை ஏறக்குறைய 4,000 கோடி ரூபாய் என்று மதிப்பிட்டது. யார் ஜெயித்தார், யார் தோற்றார், யார் தப்பினார் என்பதே அந்த நூலின் உப தலைப்பு. 2020-இல் அது தொடர் நாடகமாக வந்தபோது, பார்த்தவர்கள் நினைவில் நின்றது மேத்தாவின் மிடுக்கும் பேச்சும் பின்னணிச் சங்கீதமுமே. யார் தப்பினார் என்ற கேள்வியைக் கேட்டவர்கள் அதிகம் பேர் இல்லை.

கடை விரித்த கதை

இந்தத் தொழிலின் உள் வேலைகளை அறிய விரும்புவோருக்கு நாம் சிபாரிசு செய்யும் நூல் டேவிட் மாரர் என்ற அமெரிக்கப் பேராசிரியர் 1940-இல் எழுதியது. அவர் மொழி ஆராய்ச்சிக்காரர். எத்தர்கள் தங்களுக்குள் பேசும் குழூஉக்குறியைச் சேகரிக்கப் போனார். தொழில் முழுவதையும் தெரிந்துகொண்டு வந்துவிட்டார். ஒருவன் ரயிலிலோ ஹோட்டலிலோ ஆளைப் பிடித்து வருவான். அவனுக்கு 'கயிறு போடுகிறவன்' என்று பெயர். இன்னொருவன் கடைக்குள் காத்திருப்பான். கடை என்றால் நிஜமான கடையல்ல. வாடகைக்கு எடுத்த இடத்தில் ஒரு பங்கு மார்க்கெட் ஆபீஸையோ பந்தய விடுதியையோ அப்படியே ஜோடித்திருப்பார்கள். குமாஸ்தா, பணம் கட்டுகிறவர், வாங்குகிறவர் எல்லோரும் கூலிக்கு வந்த நடிகர்கள். வந்தவர் ஒருவர் மாத்திரமே நடிக்காதவர்.

முதலில் அவருக்குச் சிறு தொகை ஜெயிக்கும். பணத்தையும் கையில் கொடுத்துவிடுவார்கள். அப்புறம் பெரிய தொகையைக் கொண்டுவரச் சொல்லி ஊருக்கு அனுப்புவார்கள். அவர் தாமாகவே திரும்பி வருவார். கடைசியில் பணம் போன பிறகு, ஆளை எப்படிச் சத்தமில்லாமல் அனுப்பி வைப்பது என்பதுதான் தொழிலின் சிகரம். அதற்கு ஒரு பயங்கரமான உபாயம் இருந்தது. பணம் போன கோபத்தில் கடைக்குள் இருப்பவன் துப்பாக்கியை எடுத்துக் கயிறு போட்டவனைச் சுடுவான். குண்டில்லாத துப்பாக்கி. சுடப்பட்டவன் வாயில் கோழி ரத்தம் நிரப்பிய சிறு பை இருக்கும். கடித்தவுடன் ரத்தம் பீறிடும். ஏமாந்தவர், கொலைக்கு உடந்தையாகி விட்டோமே என்று நடுங்கி, அடுத்த ரயிலில் ஓடிவிடுவார். பணத்தைப் பற்றி ஆயுசு பரியந்தம் வாய் திறக்க மாட்டார். இந்தக் காலத்து டெலிபோன் போலீஸ்காரன் செய்வதற்கும் இதற்கும் கோழி ரத்தம் ஒன்றுதான் வித்தியாசம்.

மாரர் இன்னொன்றும் சொல்லுகிறார். வருகிறவருக்கு முறையற்ற வழியில் சீக்கிரம் பணம் வரும் என்றே ஆசை காட்டப்படுகிறதாம். ஆகையால் பின்னால் புகார் செய்யப் போனால் தம் ஆசையையும் சேர்த்துச் சொல்ல வேண்டியிருக்கும். இது பெரும்பாலும் வாஸ்தவமே. ஆனால் ஏமாந்தவர் எல்லோரும் பேராசைக்காரர் என்று இதிலிருந்து முடிவு கட்டுவது நியாயமல்ல. லீத் துறைமுகத்தில் கப்பல் ஏறியவர்கள் ஆசைப்பட்டது உழுவதற்குக் கொஞ்சம் நிலம். டிஜிட்டல் கைதில் சிக்கியவர் எதற்குமே ஆசைப்படவில்லை.

டெக்ஸாஸ் பண்ணைக்காரர்

இனி, ஏமாந்தவர் எழுதிய அந்த அபூர்வமான புத்தகத்துக்கு வருவோம்.

ஃபிராங்க் நார்ஃப்ளீட் டெக்ஸாஸ் மாகாணத்தில் மாட்டுப் பண்ணை வைத்திருந்தவர். ஐம்பது வயதைத் தாண்டியவர். குடி, சூது ஒன்றும் அறியாதவர். 1919-இல் நிலம் வாங்குகிற காரியமாக டல்லஸ் நகரத்துக்கு வந்தார். ஹோட்டல் நாற்காலி ஒன்றின் மெத்தை இடுக்கில் ஒரு பணப் பை கிடைத்தது. யோக்கியரானபடியால் உடையவனைத் தேடிக் கொண்டுபோய்க் கொடுத்தார். அவன் ஆனந்தப் பரவசனாகி நூறு டாலர் வெகுமதி நீட்டினான். இவர் வேண்டாம் என்றார். அப்படியானால் இந்த நூறை உங்கள் பேரில் மார்க்கெட்டில் போடுகிறேன் என்று சொல்லிப் போனவன், சற்று நேரத்தில் எண்ணூறாகக் கொண்டுவந்து கொடுத்தான். நேயர்கள் கவனிக்க வேண்டியது, நார்ஃப்ளீட்டைப் பிடித்த தூண்டிலில் கோத்திருந்த புழு அவருடைய யோக்கியதைதான்! பையைத் திருப்பிக் கொடுக்காத திருடனாக அவர் இருந்திருந்தால் பிழைத்திருப்பார். பிறகு 20,000 டாலர், அதன் பிறகு 25,000 டாலர், ஆக 45,000 டாலர் போயிற்று. ஐந்து பேரும் மறைந்தார்கள்.

நார்ஃப்ளீட் ஓடி ஒளியவில்லை. ஏமாந்தேன் என்று போலீஸாரிடம் சொன்னார், பத்திரிகைக்காரரிடமும் சொன்னார். பண்ணையை மனைவி எலிஸா பார்த்துக்கொள்ள, இவர் துப்பாக்கியும் மாறுவேஷமுமாக ஐந்து பேரைத் தேடிக் கிளம்பிவிட்டார். தலைவனான ஜோ ஃப்யூரி ஃப்ளோரிடாவில் அகப்பட்டான். போகிற வழியில் சொந்த எதிரிகளோடு கூட வேறு பல எத்தர்களும் அகப்பட்டார்கள்.

1922-இல் டென்வர் நகரத்துக்கு வந்தபோது நடந்தது இந்த நூலின் மகுடம். அந்நகரத்தில் லூ ப்ளாங்கர் என்பவன் வருஷக் கணக்கில் கடை விரித்திருந்தான்; போலீஸ் இலாகாவில் அவனுக்கு நண்பர்கள் இருந்தார்கள். ஃபிலிப் வான் ஸைஸ் என்ற அரசாங்க வக்கீல் அந்தக் கூட்டத்தைப் பிடிக்க ரகசியமாக வலை பின்னிக்கொண்டிருந்தார். நார்ஃப்ளீட் ஊருக்குள் கால் வைத்தவுடன், யாரென்று அறியாத ப்ளாங்கர் ஆட்கள், பட்டிக்காட்டுப் பணக்காரர் ஒருவர் வந்திருக்கிறார் என்று அவருக்கே கயிறு போட்டார்கள்! நார்ஃப்ளீட் பழைய பாடத்தை ஒன்றும் தெரியாதவர் போல் முதலிலிருந்து கேட்டுக்கொண்டார். ஆகஸ்டு மாதத்தில் ஒரே நாளில் முப்பதுக்கு மேற்பட்டவர்களைப் பிடித்தார்கள். நகரச் சிறைச்சாலையில் அடைத்தால் செய்தி கசிந்துவிடும் என்று ஒரு மாதா கோயிலின் கீழ் அறையில் அவர்களை அடைத்து வைத்தார் வான் ஸைஸ். வெளி மாகாணங்களிலிருந்து ஏமாந்தவர்கள் வந்து கூண்டில் ஏறிச் சாட்சி சொன்னார்கள். 1923-இல் ப்ளாங்கர் உள்பட இருபது பேருக்குத் தண்டனை கிடைத்தது.

2012-இல் ஏமி ரீடிங் என்ற அம்மையார் நார்ஃப்ளீட் கதையை மறுபடி எழுதியிருக்கிறார். பண்ணைக்காரர் சொல்லும் சில இடங்கள் அளவுக்கு மீறி அலங்காரமாக இருக்கின்றன என்று கண்டு, பழைய பத்திரிகைச் செய்திகளோடு அவற்றை ஒத்துப் பார்த்துச் செல்கிறார். அதுவும் வேண்டியதுதான், ஏமாந்தவர் சொல்கிறார் என்பதற்காக எல்லாவற்றையும் நம்பிவிடலாகாது. ஆயினும் மூல நூலில் உள்ள ஓர் அம்சம் அந்த அம்மையாரின் திறமையான நூலில் இல்லை. பணம் எப்படிப் போயிற்று என்பதை நார்ஃப்ளீட் தாமே, கூச்சப்பட்டு விழுங்காமல், ஹோட்டல் நாற்காலியிலிருந்து ஆரம்பித்து வரிசையாகச் சொல்லிவிடுகிறார்.

அந்தப் புத்தகம் 1924-இல் வெளிவந்தது. உப தலைப்பில் ஐந்து எத்தர்களைத் துரத்திய 30,000 மைல் பிரயாணம் என்று விளம்பரம் இருக்கிறது. அதற்கு மேலே, பெரிய எழுத்தில், நூலின் பெயராக ஒரே ஒரு வார்த்தை: 'நார்ஃப்ளீட்'.